எண்ணை இறுக்கிச் சோதிப்போம், பெயரை ஏற்றுக்கொள்வோம்: ஏபிஐ ஸ்கீமாவின் விதிகளும் நம் மக்களும்

தாம்பரத்திலிருந்து ஜிஎஸ்டி சாலையில் தெற்கே போனால் பெருங்களத்தூர், வண்டலூர், ஊரப்பாக்கம், கூடுவாஞ்சேரி, பொத்தேரி, காட்டாங்குளத்தூர், மறைமலை நகர் என ஊர்கள் வரிசையாக வரும். இந்தச் சாலையோரத்தில் 1985-இல் பொறியியல் கல்லூரியாகத் தொடங்கிய எஸ்ஆர்எம் இன்று நிகர்நிலைப் பல்கலைக்கழகம். நாட்டின் பல மாநிலங்களிலிருந்து மாணவர்கள் காட்டாங்குளத்தூருக்கு வந்து சேர்கிறார்கள். தந்தை பெயரை இனிஷியலாக வைத்திருக்கும் தமிழர், குடும்பப் பெயரை முன்னால் எழுதும் ஆந்திரர், வீட்டுப் பெயரை ஓரெழுத்தாகச் சுருக்கிக்கொண்ட மலையாளி, குலப்பெயரைக் கடைசியில் வைக்கும் வங்காளி, ஒரே சொல்லில் முழுப் பெயரும் அடங்கிவிடும் மிசோரம்காரர் என இத்தனை பேரும் இங்கே ஒரே வங்கியில் கணக்குத் தொடங்குகிறார்கள், ஒரே செயலியில் ரயில் டிக்கெட் எடுக்கிறார்கள், ஒரே வகை இணையப் படிவங்களை நிரப்புகிறார்கள். படிவமோ பல நேரங்களில் ஒரே முறையில்தான் கேட்கிறது: முதல் பெயர், கடைசிப் பெயர், இரண்டும் கட்டாயம்.

அந்தக் 'கட்டாயம்' என்ற சொல் திரையில் ஒரு சிவப்பு நட்சத்திரமாகத் தெரிகிறது. அதன் வேர் இருப்பது மென்பொருளின் அடியில், ஏபிஐ ஸ்கீமா என்ற கோப்பில். அங்கே எழுதப்படும் சில வரிகள், ஒருவரின் உண்மையான பெயர் செல்லுமா செல்லாதா என்று முடிவு செய்கின்றன. அந்த வரிகளை எப்படி எழுத வேண்டும், எங்கே நிறைவேற்ற வேண்டும் என்பதை நம் நாட்டின் நடப்பிலிருந்தே ஆராய்கிறது இந்தக் கட்டுரை.

விதி என்பது ஒரு மறுப்பு

ஒரு மென்பொருள் இன்னொரு மென்பொருளிடம் தரவு கேட்பதற்கும் கொடுப்பதற்கும் வகுத்த முறையே ஏபிஐ. அப்படிப் போய்வரும் தரவில் எந்தெந்தக் கட்டங்கள் இருக்கும், எது எண், எது எழுத்து, எது கட்டாயம், நீளம் எவ்வளவு, எந்த மதிப்புகள் மட்டும் செல்லும் என்று எழுதிவைப்பது ஸ்கீமா. இதற்கான பொது வடிவங்களில் ஜேசன் ஸ்கீமா 2009 அளவில் உருவானது. ஸ்வாக்கர் என்ற வரையறை 2015-இல் லினக்ஸ் ஃபவுண்டேஷனின் கீழ் ஓப்பன்ஏபிஐ என்ற பெயரில் பொதுச்சொத்தானது. 2021-இல் வந்த ஓப்பன்ஏபிஐ 3.1 பதிப்பு, தரவை விவரிக்க ஜேசன் ஸ்கீமாவையே முழுமையாக ஏற்றுக்கொண்டது.

இந்த வரையறைகளில் ஒரு கட்டத்துக்கு விதி எழுதும்போது இரண்டு பிழைகள் நேரலாம். தவறான தரவை உள்ளே விடுவது ஒன்று. சரியான தரவை வெளியே தள்ளுவது மற்றொன்று. முதல் பிழை தரவுதளத்தில் கறையாகத் தங்கிவிடும். பிறகு யாராவது அதைக் கண்டுபிடிப்பார்கள், புகார் எழும், திருத்துவார்கள். இரண்டாவது பிழை எந்தத் தடயத்தையும் விட்டுவைப்பதில்லை. மறுக்கப்பட்டவரின் பதிவே தரவுதளத்தில் இருக்காது. அவர் திரும்பிப் போயிருப்பார், அல்லது பொய்யான ஒன்றைக் கட்டத்தில் இட்டு உள்ளே வந்திருப்பார். அதனால் விதி எழுதுகிறவர்கள் முதல் பிழைக்கு அஞ்சுகிற அளவு இரண்டாவதற்கு அஞ்சுவதில்லை. இந்தத் துறையின் அடிப்படைக் கோணல் இதுதான் என்று நினைக்கிறேன்.

இறுக்கம் நியாயமான இடம்

எண்களில் இறுக்கம் நல்லது. ஆதார் எண் 12 இலக்கம் கொண்டது. அது 0-இலோ 1-இலோ தொடங்காது. கடைசி இலக்கம் முந்தைய 11 இலக்கங்களிலிருந்து கணக்கிடப்படுகிற சோதனை இலக்கம். டச்சு கணித அறிஞர் யாகோபஸ் வெர்ஹோஃப் 1969-இல் வெளியிட்ட முறை இதற்குப் பயன்படுகிறது. ஓர் இலக்கத்தைத் தவறாக அடித்தாலும், பக்கத்துப் பக்கத்து இலக்கங்களை இடம் மாற்றி அடித்தாலும் அது கட்டாயம் பிடித்துவிடும். மனிதக் கை செய்யும் பிழைகளில் இவை இரண்டும்தான் மிகப் பரவலானவை. இந்தச் சோதனையை ஏபிஐயின் முதல் படியிலேயே செய்யலாம். ஆதார் ஆணையத்தின் செர்வரை எட்டாமலே பிழை தெரிந்துவிடும். ஆனால் சோதனையில் தேறிய எண் உண்மையில் யாருக்காவது வழங்கப்பட்டதா என்பதை வெர்ஹோஃப் கணக்கு சொல்லாது. வடிவம் சரி என்பதும் உண்மை என்பதும் தனித்தனிக் கேள்விகள். ஸ்கீமா முதல் கேள்விக்கு மட்டுமே பதில் சொல்லும்.

சரக்கு சேவை வரியின் பதிவு எண்ணும் இப்படியே. 15 இடங்களில் முதல் இரண்டு மாநிலக் குறியீடு. தமிழ்நாட்டுக்கு 33. அடுத்த பத்து இடம் பான் எண். கடைசி இடம் சோதனைக் குறி. மறைமலை நகரில் வாகன உதிரிபாகம் செய்யும் தொழிற்கூடம் ஒன்று தன் விலைப்பட்டியலை அரசின் மின்-பட்டியல் தளத்துக்கு அனுப்பும்போது இந்தச் சோதனைகள் எல்லாம் நடக்கின்றன. 2020 அக்டோபர் 1 அன்று 500 கோடி ரூபாய்க்கு மேல் விற்றுமுதல் உள்ள நிறுவனங்களுக்குக் கட்டாயமான இந்த முறை, படிப்படியாக இறங்கி 2023 ஆகஸ்ட் 1 முதல் 5 கோடிக்கு மேற்பட்டவர்களையும் சேர்த்துக்கொண்டது.

சட்டம் எப்படி ஸ்கீமா ஆகிறது என்று படிக்க இதைவிட நல்ல பாடம் கிடைக்காது. வரி விதிகளின் 46-ஆம் விதி, விலைப்பட்டியல் எண் 16 எழுத்துகளைத் தாண்டக்கூடாது, எழுத்து, இலக்கம், சிறுகோடு, சாய்கோடு ஆகியவை மட்டுமே இருக்கலாம் என்கிறது. மின்-பட்டியல் ஸ்கீமா இவற்றைச் சேர்த்துக்கொண்டு, முதல் இடத்தில் சுழியமோ சிறுகோடோ சாய்கோடோ வரக்கூடாது என்று ஒரு படி கூடுதலாக இறுக்குகிறது. 46-ஆம் விதியில் அந்தத் தடை இல்லை. இதற்குத் தொழில்நுட்ப நியாயம் இருக்கிறது. கணக்குத் தாள் மென்பொருள்கள் முன்னால் வரும் சுழியத்தை விழுங்கிவிடும், 0012 என்பதும் 12 என்பதும் குழம்பும். ஆனாலும் சட்டத்தைவிட ஸ்கீமா இறுக்கமாகும்போது, சிறு தொழில் நடத்துகிறவர்களுக்கு உண்மையான சட்டம் ஸ்கீமாதான் ஆகிவிடுகிறது. அப்படி இறுக்குகிறவர்கள் அதைப் பகிரங்கமாக எழுதிவைத்து, காரணம் சொல்லியாக வேண்டும்.

இன்னொரு படிப்பினையும் இங்கே உண்டு. ஒரே விலைப்பட்டியல் எண்ணை ஆங்கிலச் சிறிய எழுத்திலும் பெரிய எழுத்திலும் அனுப்பினால் அவை வெவ்வேறாகத் தெரியும் சிக்கல் இருந்தது. 2025 ஜூன் 1 முதல் எல்லாவற்றையும் பெரிய எழுத்தாக மாற்றிய பின்பே தளம் ஒப்பிடுகிறது. முதலில் சீர்செய், பிறகு சோதி என்ற வரிசை முக்கியம்.

பெயர் என்ற கட்டம்

மேற்சொன்ன எண்கள் எல்லாம் ஓர் அலுவலகம் உண்டாக்கியவை. உண்டாக்கியவரிடம் இலக்கணம் இருக்கிறது, எனவே அதன்படி சோதிக்கலாம். பெயரை உண்டாக்கியது அலுவலகம் அன்று. அதைக் குடும்பம் வைத்தது, ஊரின் வழக்கம் வடிவமைத்தது. அதற்கு மென்பொருள் எழுதுகிறவர் இலக்கணம் வகுக்க முடியாது.

பான் எண்ணைப் பாருங்கள். ஐந்து எழுத்து, நான்கு இலக்கம், ஓர் எழுத்து. நான்காம் எழுத்து தனிநபரா, நிறுவனமா, அறக்கட்டளையா என்று காட்டும். ஐந்தாம் எழுத்து, தனிநபரின் கடைசிப் பெயரில் முதலெழுத்து. குடும்பப் பெயர் எல்லோருக்கும் உண்டு என்ற ஊகம் அந்த எண்ணுக்குள்ளேயே பதிந்துவிட்டது. பலகாலம் வழக்கில் இருந்த 49ஏ விண்ணப்பப் படிவம் இனிஷியலை ஏற்காது, விரித்து எழுதச் சொன்னது. தந்தை சுப்பிரமணி, மகன் முருகன் என்று வைத்துக்கொள்வோம். முருகன் கடைசிப் பெயர்க் கட்டத்தில் தன் பெயரை எழுதினால் ஐந்தாம் எழுத்து 'எம்'. தந்தை பெயரை எழுதினால் 'எஸ்'. இரண்டில் எதை எழுதினாலும் அவர் பொய் சொல்லவில்லை, ஆனால் எதுவும் அவர் பெயரின் உண்மை வடிவமும் இல்லை. ஆதாரில் அவர் 'முருகன் எஸ்' என்று இருப்பார். பானையும் ஆதாரையும் இணைக்கச் சட்டம் சொன்னபோது, தமிழ்நாட்டில் இ-சேவை மையங்களுக்கும் கணினி மையங்களுக்கும் அலைந்தவர்களில் பலர் இந்த முருகன்கள்தாம்.

முன்னாள் குடியரசுத் தலைவர் ஏ.பி.ஜே. அப்துல் கலாமின் பெயரில் மூன்று இனிஷியல்கள். அவுல், பக்கீர், ஜைனுலாப்தீன் மூன்றும் முன்னோர் வழி வந்தவை. அப்துல் கலாம் என்பதே அவருக்கு வைத்த பெயர். 'கடைசிப் பெயர்' கட்டத்தில் கலாம் என்று எழுதினால், குடும்பப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் அவருடைய சொந்தப் பெயரின் பாதி போய் உட்காரும். மிசோரம் முதல்வராக இருந்த சோரம்தங்காவுக்குப் பெயர் ஒரே சொல்.

இது வெறும் வசதிக் குறைவோடு நிற்பதில்லை. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைச் சொல் பெயர் மட்டுமே உள்ளவர்களைச் சுற்றுலா, வருகை விசாக்களில் அனுமதிப்பதில்லை என்று விமான நிறுவனங்களுக்குத் தெரிவித்தது. பிறகு பாஸ்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று விளக்கம் வந்தது. ஆனால் பாஸ்போர்ட்டுகளுக்கான உலகத் தரத்தை வகுக்கும் பன்னாட்டு சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பின் 9303-ஆம் ஆவணம் ஒற்றைப் பெயரை ஏற்கிறது. அந்த ஆவணம் பெயரை முதன்மை அடையாளம், துணை அடையாளம் என்று பிரித்து, துணை இல்லாமலும் இருக்கலாம் என்கிறது. அமெரிக்க விசாக்களில் முதல் பெயர்க் கட்டத்தை நிரப்ப, 'முதல் பெயர் தெரியவில்லை' என்பதன் மூன்றெழுத்துச் சுருக்கமான 'எஃப்என்யூ' அச்சிடப்படுகிறது. அங்கே போய்ச் சேர்ந்த இந்தியர் பலருக்கு அதுவே ஓட்டுநர் உரிமத்தில் பெயராகவும் ஒட்டிக்கொண்டது. கட்டாயக் கட்டம் பொய்யைத் தயாரிக்கும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

ஆதார் இந்தப் பிழையைத் தவிர்த்தது. என். விட்டல் தலைமையிலான குழு 2009 டிசம்பரில் தந்த அறிக்கையின் வழியில் மக்கள் விவரங்களின் வரையறை அமைந்தது. பெயருக்கு ஒரே கட்டம்தான். முதல், நடு, கடை என்ற பிரிவு இல்லை. ஆதார் சரிபார்ப்பு ஏபிஐ பெயரை எழுத்துக்கு எழுத்து ஒப்பிடவும் செய்யும், பகுதிப் பொருத்தத்தை விழுக்காட்டோடு கேட்கவும் இடம் தரும். உள்ளூர் மொழிப் பெயருக்குத் தனிக் கட்டமும் வைத்திருக்கிறது. ஒப்பிடும் முறையைத் தளர்த்தி, சேமிக்கும் வடிவத்தை மக்களிடமே விட்டுவிட்ட இந்த அணுகுமுறையை மற்ற அமைப்புகளும் பின்பற்றியிருக்கலாம்.

தமிழ் எழுத்தின் நீளம்

நீளத்துக்கான விதி எளிமையானது என்று தோன்றும். 'காட்டாங்குளத்தூர்' என்ற ஊர்ப்பெயரையே எடுத்துக்கொள்வோம். நாம் எண்ணினால் ஒன்பது எழுத்து. யூனிகோடில் மெய்யும் உயிர்க்குறியும் புள்ளியும் தனித்தனிக் குறிகள் என்பதால் 17 குறிகள். யூடிஎஃப்-8 முறையில் ஒவ்வொரு தமிழ்க் குறிக்கும் மூன்று பைட் என்பதால் 51 பைட். ஜேசன் ஸ்கீமாவின் அதிகபட்ச நீளம் யூனிகோடு குறிகளை எண்ணும். போஸ்ட்கிரெஸ் தரவுதளமும் அப்படியே. ஆரக்கிளில் எழுத்துக் கட்டத்தின் அளவு, மாற்றியமைக்காவிட்டால், பைட்டில் எண்ணப்படும். ஆக, '50' என்று இரண்டு இடத்திலும் எழுதியிருந்தாலும், ஏபிஐ அனுமதித்த காட்டாங்குளத்தூரை ஆரக்கிள் தரவுதளம் திருப்பி அனுப்பிவிடும்.

'எழுத்துகள் மட்டும்' என்ற விதி இன்னும் மோசம். யூனிகோடின் வகைப்பாட்டில் க, ட, ள போன்றவை எழுத்து. கால், கொம்பு, புள்ளி ஆகியவை எழுத்துக்குத் துணையான குறி என்ற வேறு வகை. துணைக்குறியைச் சேர்க்க மறந்த விதி, காட்டாங்குளத்தூரை இரண்டாவது குறியிலேயே நிராகரிக்கும். ஆங்கில எழுத்துகளை வைத்து மட்டுமே சோதித்த நிரலாளருக்கு இது கண்ணில் படவே படாது. இனிஷியலுக்கு 'ஒரே ஓர் எழுத்து' என்று வரையறுப்பதும் இதே கதைதான். 'மு.' என்ற தமிழ் முன்னெழுத்துக்குப் புள்ளியை விட்டுவிட்டாலும் இரண்டு குறி வேண்டும்.

ஒப்பிடும்போதும் சிக்கல் உண்டு. 'கோ' என்பதில் உள்ள ஓகாரக் குறியை ஒரே குறியாகவும் சேமிக்கலாம், ஏகாரக் கொம்பும் காலும் சேர்ந்த இரு குறிகளாகவும் சேமிக்கலாம். திரையில் வேறுபாடு தெரியாது. யூனிகோடு சீராக்கம் என்ற நடைமுறை இரண்டையும் ஒன்றாக்கிவிடும், அதை ஒப்பீட்டுக்கு முன்பு செய்ய வேண்டும். ஆனால் 'கௌதம்' என்பதில் ஔகாரக் குறிக்குப் பதிலாக 'ள' என்ற எழுத்தை அடிக்கும் பழக்கத்தைச் சீராக்கம் சரிசெய்யாது. தமிழ் அறிந்த ஒருவர் அதற்கென்று விதி எழுதினால்தான் உண்டு.

மாறிக்கொண்டிருக்கும் பட்டியல்கள்

'இந்த மதிப்புகள் மட்டும்' என்று பட்டியல் இடுவது ஸ்கீமாவில் மிக வசதியான விதி. மாவட்டம், பாலினம், மாநிலம் எல்லாவற்றுக்கும் பட்டியல் போடுவார்கள். காட்டாங்குளத்தூர் 2019 நவம்பர் 29 வரை காஞ்சிபுரம் மாவட்டம், அன்று முதல் செங்கல்பட்டு மாவட்டம். தாம்பரம் 2021 நவம்பரில் மாநகராட்சி ஆனது. மாவட்டப் பெயர்களை நிரலுக்குள் எழுதிவைத்த ஒவ்வோர் ஏபிஐயும் 2019-இல் பழையதாகிவிட்டது. செங்கல்பட்டு என்பதை ஆங்கிலத்தில் எழுதும் விதங்களும் பல. மத்திய பஞ்சாயத்து ராஜ் அமைச்சகத்தின் உள்ளாட்சி அமைப்பு விவரத் தொகுப்பு ஒவ்வொரு மாவட்டத்துக்கும் ஊராட்சிக்கும் தனிக் குறியீடு தருகிறது. ஸ்கீமா அந்தக் குறியீட்டைச் சோதிக்கட்டும், பெயர்ப் பட்டியல் நிரலுக்கு வெளியே புதுப்பிக்கப்படட்டும்.

அஞ்சல் குறியீட்டுக்கும் மாவட்டத்துக்கும் தொடர்பு உண்டென்று ஊகிப்பதும் ஆபத்து. 1972 ஆகஸ்ட் 15-இல் தொடங்கிய அந்த ஆறு இலக்க முறை அஞ்சல் துறையின் வரிசைப்படுத்தலுக்கானது, வருவாய்த் துறையின் எல்லைக்கானது இல்லை. வண்டலூர் 600048, கூடுவாஞ்சேரி 603202, காட்டாங்குளத்தூர் 603203. முதல் ஊரின் எண் சென்னையைப் போலத் தொடங்கினாலும் அது செங்கல்பட்டு மாவட்டம்தான்.

பாலினப் பட்டியலில் நடந்தது இன்னும் வலி தந்தது. ஆதார் மூன்றாம் பாலினத்துக்கு இடம் வைத்தது. பான் விண்ணப்பத்தில் ஆண், பெண் மட்டுமே இருந்தன. இரண்டையும் இணைக்க வேண்டியபோது, திருநங்கைகள் இரு அட்டைகளில் இரு வேறு பாலினத்தோடு நின்றார்கள். மூன்றாம் பாலினத்தை ஏற்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2014 ஏப்ரலில். பான் படிவத்தில் மூன்றாவது தேர்வு வந்தது 2018 ஏப்ரலில். ஒரு பட்டியலில் ஒரு வரி சேர நான்கு ஆண்டு ஆனது.

ஆதாரின் வரையறையில் போற்றத்தக்க இன்னொரு கட்டம் உண்டு. பிறந்த தேதியோடு அது சரிபார்க்கப்பட்டதா, அவரே சொன்னதா, தோராயமானதா என்ற தகவலையும் சேர்த்து வைக்கிறது. பிறப்புச் சான்றிதழ் இல்லாத மூதாட்டியைப் பொய்த் தேதி சொல்ல வைக்காமல், 'இது தோராயம்' என்று உண்மையைப் பதிவு செய்ய இடம் தருகிறது. தெரியாததைத் தெரியாதது என்று சொல்ல இடம் தரும் ஸ்கீமாவே நேர்மையானது.

எழுதிவைத்தால் போதாது

விதியை ஸ்கீமாவில் எழுதியதால் அது நிறைவேறிவிடாது. ஜேசன் ஸ்கீமாவின் 2019, 2020 பதிப்புகளில் 'மின்னஞ்சல்', 'தேதி' போன்ற வடிவக் குறிப்புகள் இயல்பாக வெறும் குறிப்புகளே. சோதிக்கும் மென்பொருளிடம் தனியாகச் சொன்னால்தான் அவை தடையாகும். எழுத்துவடிவ விதியும் தொடக்கத்தையும் முடிவையும் குறிக்காவிட்டால், சொல்லுக்குள் எங்கே பொருந்தினாலும் ஏற்றுக்கொள்ளும். 'ஆறு இலக்கம்' என்று மட்டும் எழுதினால் 6032031 என்ற ஏழு இலக்கமும் தேறிவிடும். வரையறையில் இல்லாத கூடுதல் கட்டங்களை வேண்டாம் என்று சொல்லாவிட்டால் அவையும் உள்ளே வரும். 2012 மார்ச்சில் கிட்ஹப் தளத்தில் ஒரு நிரலாளர், படிவத்தில் இல்லாத ஒரு கட்டத்தைத் தானே சேர்த்து அனுப்பி, தனக்கு உரிமை இல்லாத நிரல்தொகுப்பில் எழுதும் அனுமதி பெற்றுக் காட்டினார்.

அடையாள எண்களை எண் வகையாக வைப்பதும் தவறு. ஆதாருக்குப் பதிலாகத் தரப்படும் மெய்நிகர் எண் 16 இலக்கம். ஜாவாஸ்கிரிப்ட் 9007199254740991-க்கு மேற்பட்ட முழு எண்களைத் துல்லியமாகக் காக்காது. பெரிய மெய்நிகர் எண்களின் கடைசி இலக்கம் சத்தமின்றி மாறிவிடும். கூட்டவோ கழிக்கவோ போவதில்லை என்றால் அது எழுத்து வகையாகவே இருக்கட்டும்.

உலாவியில் செய்யும் சோதனை பயனருக்கு உதவி மட்டுமே. காவல் செர்வரில்தான் இருக்க வேண்டும், ஏனென்றால் உலாவியைத் தாண்டி நேரே ஏபிஐக்கு யாரும் தரவு அனுப்பலாம். விதி ஒரே ஸ்கீமாவில் இருந்து, படிவமும் செர்வரும் சோதனை நிரல்களும் அதிலிருந்தே உருவானால், ஓரிடத்தில் 50 இன்னோரிடத்தில் 40 என்ற முரண் வராது.

மறுப்பதென்றால் காரணம் சொல்லி மறுக்க வேண்டும். 2023-இல் வெளியான ஆர்எஃப்சி 9457 தரம், பிழைச் செய்தியை எந்தக் கட்டமைப்பில் திருப்பி அனுப்புவது என்று வகுத்திருக்கிறது. எந்தக் கட்டம், எந்த விதி, எப்படித் திருத்துவது என்ற மூன்றும் பயனரின் மொழியில் அதில் போய்ச் சேர வேண்டும். 'தவறான உள்ளீடு' என்ற இரண்டு சொல் காட்டாங்குளத்தூர் மாணவருக்கோ மறைமலை நகர்த் தொழில்முனைவோருக்கோ எந்த வழியும் காட்டாது. மறுக்கப்பட்ட ஒவ்வொரு கோரிக்கையையும், தனிநபர் விவரம் இல்லாமல், எந்த விதியால் மறுக்கப்பட்டது என்று எண்ணிவைப்பதும் அவசியம். முன்பு சொன்ன தடயமில்லாப் பிழையைக் காண்பதற்கு அந்தக் கணக்கே முதல் கருவி.

முடிவாக

அலுவலகம் உண்டாக்கி வழங்கிய எண்ணுக்கு இலக்கணம் உண்டு. அதை இறுக்கமாகச் சோதிக்கலாம், சோதிக்கவும் வேண்டும். மனிதரின் பெயர், ஊர், பாலினம், பிறந்த நாள் ஆகியவை வாழ்க்கையிலிருந்து வருபவை. அங்கே ஸ்கீமா பணிந்து ஏற்க வேண்டும்: பெயருக்கு ஒரே கட்டம், தாராளமான நீளம், துணைக்குறிகளோடும் புள்ளியோடும் இடைவெளியோடும் எல்லா மொழி எழுத்தும், தெரியாததைச் சொல்ல ஓர் இடம்.

தமிழ்நாட்டு அரசு பெயர், முன்னெழுத்து, முகவரிக் கட்டங்களுக்கான பொது ஸ்கீமா ஒன்றையும், அதைச் சோதிக்கத் தமிழ்ப் பெயர்களின் மாதிரித் தொகுப்பு ஒன்றையும் வெளியிட வேண்டும். தென்சென்னைப் புறநகரில் மென்பொருள் படிக்கும் மாணவர்களும், அங்கே நிறுவனம் நடத்துகிறவர்களும் அதற்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. உங்கள் வகுப்பில், உங்கள் அலுவலகத்தில் இருக்கும் பலவகைப் பெயர் வடிவங்களையும் சோதனைத் தரவாக வைத்துக்கொள்ளுங்கள். அவற்றில் ஒன்றையேனும் மறுக்கும் விதி இருந்தால், பெயரை அப்படியே விட்டுவிட்டு விதியைத் திருத்துங்கள்.